ஒரு கைக்கு மட்டும் வயசாகுமா

எங்கள் தெருவில் 'வயசாயிட்டு' என்று சொல்லிவிட்டு யாரும் நிம்மதியாக எதிர்வீட்டைக் கடந்துபோக முடியாது. கால் வீங்கியிருக்கிறதா, கண் மங்குகிறதா, நாலு படி ஏறினால் மூச்சு வாங்குகிறதா, எதற்கும் ஊரில் ஒரே பதில்தான். வயசாயிட்டுல்லா. அந்த வார்த்தை காதில் விழுந்தால் போதும், எதிர்வீட்டு அக்கா கையிலிருக்கிற வேலையைப் போட்டுவிட்டு வாசலுக்கு வந்துவிடுவார்.

"வயசுங்கது பொறந்து எத்தன வருசமாச்சுங்க கணக்கு. கணக்குக்கு வீங்கத் தெரியுமா? எங்க, காலக் காட்டுங்க."

காட்டாமல் தப்பிக்க முடியாது. நடுத்தெருவிலேயே குனிந்து முழங்காலுக்குக் கீழே கட்டைவிரலால் அழுத்திப் பிடிப்பார். எடுத்தால் குழி விழுந்திருக்கும். அந்தக் குழி மேலே வருகிறவரை கண்ணை எடுக்காமல் பார்ப்பார். "இது நெஞ்சுல உள்ள கோளாறு. இல்லன்னா கிட்னி. எதுன்னு எனக்குத் தெரியாது. தெரிஞ்சவங்ககிட்டப் போங்க. போவலன்னா நாளைக்கும் வருவேன்" என்பார். வரவும் செய்வார். அதற்குப் பயந்தே எங்கள் பேட்டையில் பாதிக் கிழடுகள் ஆஸ்பத்திரிக்குப் போயின.

அவர் டாக்டர் இல்லை. பாளையங்கோட்டையில் ஒரு பெண்கள் கல்லூரியில் விலங்கியல் பாடம் நடத்தினார். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. நாற்பத்தைந்து வயதுக்குள் தலை முழுக்க நரைத்துவிட்டது, சாயம் பூச மாட்டார். "முடி நரைச்சா அது வயசு. அதோட எனக்கு ஒரு சண்டையும் இல்ல" என்பார். பெரியவர்கள் அவரை டீச்சர் என்பார்கள். என்னைப் போன்றவர்களுக்கு அக்கா. முதுகுக்குப் பின்னால் எல்லாருக்கும் ஈ டீச்சர்.

அந்தப் பெயர் சும்மா வரவில்லை. அவர் வீட்டுப் பின்னறையில் வரிசையாகப் பால் பாட்டில்கள் இருக்கும். உள்ளே பழ ஈக்கள். அதுகளுக்குக் கோதுமை மாவும் கருப்பட்டியும் காய்ச்சி ஊற்றுவார், அதுவும் உடன்குடிக் கருப்பட்டி. நாங்கள் காப்பிக்குப் போடவே யோசிக்கிற சாமானை ஈக்குப் போடுகிறாரே என்று என் அம்மாவுக்கு ஆற்றாமை. பிறந்த தேதிப்படி பாட்டில்களைப் பிரித்து அடுக்கி, ஈக்களுக்கு எப்படி முதுமை வருகிறது என்று பார்த்துக்கொண்டிருந்தார். ஒருநாள் விசிறி மாட்டிக் கொடுக்கப் போனபோது எனக்குக் காட்டினார். இளசுகள் இருக்கிற பாட்டிலை மேசையில் லேசாகத் தட்டினார். எல்லாம் அடியில் விழுந்து, மறுநிமிஷமே விறுவிறுவென்று பஞ்சுமூடி வரைக்கும் ஏறிவிட்டன. கிழட்டு ஈக்கள் பாட்டிலைத் தட்டினார். பாதி ஏறின. மீதி நடுவழியில் நின்றுவிட்டன.

"ஏறாத ஈக்கெல்லாம் வயசாயிட்டுன்னு அர்த்தம் இல்ல தம்பி. சிலதுக்கு உள்ள நோய் இருக்கும். அதப் போக்குனா ஏறும். சிலதுக்கு ஒரு நோயும் இருக்காது, சும்மா ஏறாது. எது எதுன்னு கண்டுபிடிக்கணும். அதுதான் வேல."

"கண்டுபிடிச்சுட்டீங்களாக்கா?"

"ஈயிலயே இன்னும் தடுமாறுதேன்" என்று சிரித்தார்.

மனிதரிலும் ஒரு தடவை தடுமாறினார். மூலைவீட்டுத் தாத்தா சாப்பாட்டைக் குறைத்துக்கொண்டே வந்து, படுக்கையில் விழுந்து, பேச்சும் குறைந்து கிடந்தார். வீட்டார் வழக்கமான வார்த்தையைச் சொன்னார்கள். அக்கா விடவில்லை. தினமும் போய் நின்று, சண்டை போட்டு, ஆஸ்பத்திரியில் சேர்க்க வைத்தார். அங்கே மூக்கில் ஒரு குழாய், கையில் ஒரு குழாய். தாத்தா குழாயைப் பிடுங்கிவிடுவார் என்று கையைக் கட்டிலோடு கட்டினார்கள். வீட்டுக்குப் போகணும் என்று ஒன்றை மட்டும் சொல்லிக்கொண்டிருந்து அங்கேயே போய்ச் சேர்ந்தார். தேடித் தேடியும் நோய் என்று ஒன்றும் அகப்படவில்லை. அவருக்கு உண்மையிலேயே வயதுதான் ஆகியிருந்தது.

பதினாறாம் நாள் கழிந்ததும் அந்த வீட்டு மகன் தெருவில் நின்று அக்காவைக் கேட்காத கேள்வி இல்லை. "எங்கய்யாவ எங்க வீட்ல சாவ விட்டீங்களா நீங்க?" என்று கத்தினான். அக்கா வாசலில் நின்று முழுதும் கேட்டார். அவன் மூச்சு வாங்க நிறுத்தியபோது, "நாஞ் சொன்னது தப்புதாம்பா" என்றார். அவ்வளவுதான். உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். அதற்குப் பிறகு கொஞ்ச நாள் தெருவில் யார் 'வயசாயிட்டு' என்று சொன்னாலும் அந்தக் கதவு திறக்கவில்லை.

அது சாத்தியிருந்த நாட்களில்தான் என் அப்பா படுத்தார்.

அப்பா மில்லில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். எழுபது தாண்டியும் தினமும் சைக்கிள் மிதித்துக் குறுக்குத்துறைக்குப் போய் ஆற்றில் முங்கிவிட்டு வருவார். பங்குனியில் ஒருநாள் பாசிப்படியில் வழுக்கி விழுந்தேன் என்று பின்மண்டையைத் தடவிக்கொண்டு வந்தார். காயம் இல்லை, சின்னப் புடைப்பு மட்டும். இட்லி தின்றார், சிரித்தார், நாங்களும் மறந்துபோனோம். சித்திரை முடிவதற்குள் ஆள் மாறிவிட்டார். சட்டைப் பொத்தானைப் போடத் தெரியாமல் நின்றார். என்னை என் சித்தப்பா பெயர் சொல்லிக் கூப்பிட்டார். பகலெல்லாம் தூங்கினார். பிறகு நடை இழுத்தது, பிறகு எழுந்திருக்கவில்லை. டாக்டரிடம் காட்டினோம். படியில் விழுந்ததை எங்களில் ஒருவரும் அவரிடம் சொல்லவில்லை, சொல்லத் தோன்றவே இல்லை. நல்லாப் பாத்துக்கோங்க என்று சத்து மாத்திரை எழுதிக் கொடுத்தார்.

எடுத்துப்போட்டுத் துடைத்துப் புரட்டி, அம்மாவின் முதுகு போயிற்று. எனக்குப் பட்டறை வேலையில் மனசு நிற்கவில்லை. வெயில் காலம், அப்பா முதுகில் புண் வர ஆரம்பித்தது. அப்போது ஊரிலிருந்து அத்தை வந்தாள், அப்பாவுக்கு மூத்தவள். கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து தம்பியின் காலைத் தடவிக்கொண்டு வெகுநேரம் அழுதாள். கண்ணைத் துடைத்துவிட்டு, "எய்யா, இவன் இழுத்துக்கிட்டுக் கெடக்கான். சனிக்கிழம நல்லா இருக்கு. குளிப்பாட்டி விட்ருவோம்" என்றாள்.

எங்கள் பக்கத்தில் இந்த வார்த்தைக்கு இரண்டு அர்த்தம். சனிக்கிழமை ஆண்பிள்ளைகள் எண்ணெய் தேய்த்துக் குளிப்பது ஒன்று. இன்னொன்றைச் சத்தமாகச் சொல்ல மாட்டார்கள். கிடையில் கிடக்கிற வயசாளிக்குத் தலை நிறைய எண்ணெய் வைத்து, பச்சைத்தண்ணீரை ஊற்றி, இளநீரையும் புகட்டி விடுவார்கள். நைந்த உடம்பு அந்தக் குளிர்ச்சியைத் தாங்காது. காய்ச்சல் கண்டு ஓரிரு நாளில் அடங்கிவிடும். கொலை என்று அதை யாரும் சொல்வதில்லை, குளிப்பாட்டுவது என்றுதான் சொல்வார்கள்.

அத்தை கெட்டவள் இல்லை. அப்பாவை இடுப்பில் தூக்கி வளர்த்தவள். "புண்ணு புழுத்துச் சாவணுமா எந்தம்பி? நாளைக்கு நான் கெடந்தாலும் எனக்கும் இதத்தாம்லே செய்யச் சொல்லுவேன்" என்றாள். அம்மா சரி என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. வெள்ளிக்கிழமை காலையில் அத்தை மகன் இளநீர்க் குலைகளைக் கொண்டுவந்து முற்றத்தில் சாய்த்துவிட்டுப் போனான். நான் அதைப் பார்க்க முடியாமல் வாசலுக்கு வந்து நின்றேன். கல்லூரிக்குக் கிளம்பிக் கதவைப் பூட்டிக்கொண்டிருந்த அக்கா திரும்பி, "அப்பா எப்படி இருக்காங்க?" என்று கேட்டார்.

"நாளைக்குக் குளிப்பாட்டுதாங்கக்கா."

அக்காவின் கையிலிருந்த சாவி பூட்டிலேயே நின்றது. என் தோளுக்கு மேல் முற்றத்து இளநீரைப் பார்த்தார். குடையையும் பையையும் வாசல்படியில் போட்டுவிட்டு, என்னைத் தள்ளாத குறையாக விலக்கிக்கொண்டு உள்ளே போனார்.

"அண்ணாச்சி! கண்ணத் தொறங்க. டீச்சர் வந்திருக்கேன். ரெண்டு கையையும் நீட்டித் தூக்குங்க பாப்போம்."

கன்னத்தில் தட்டித் தட்டிக் கேட்டபிறகு அப்பா கண்ணைத் திறந்தார். முதுகுக்கு என்னை முட்டுக்கொடுக்கச் சொன்னார் அக்கா. இரண்டு கையும் மேலே வந்தன. இடது கை நின்றது. வலது கை பைய உள்ளங்கை திரும்பிக் கீழே இறங்கியது. மறுபடி தூக்கச் சொன்னார். மறுபடியும் வலது மட்டும் இறங்கியது.

"வயசாயிட்டுல்லா டீச்சர்" என்றாள் அத்தை.

"ஒரு கைக்கு மட்டும் வயசாகுமாம்மா? ரெண்டும் ஒரே நாள்ல பொறந்த கைதானே! எடது கைக்கு வயசாகலியா?"

அக்கா அம்மாவிடம் திரும்பி, "எங்கயும் விழுந்தாங்களா மைனி? இப்ப இல்ல, கொஞ்சம் முந்தி" என்று கேட்டார். அம்மா இல்லை என்று தலையை ஆட்டியவள் பாதியில் நிறுத்தி, பாசிப்படி என்றாள்.

அக்கா அடுக்களைக்குப் போய் எண்ணெய்க்கு வைத்திருந்த ஒரு முழுக் கொப்பரைத் தேங்காயை எடுத்துவந்து அம்மா காதருகில் ஆட்டினார். உள்ளே பருப்பு ஓட்டில் முட்டி லொடலொடத்தது. "பச்சத் தேங்கால பருப்பு ஓட்டோட ஒட்டிருக்கும், ஆட்டுனா ஆடாது. காஞ்சா சுருங்கி விலகிரும். வயசானா மூளையும் இப்படித்தான் கொஞ்சம் சுருங்குது. ஓட்டுக்கும் மூளைக்கும் நடுவுல உள்ள ரத்தக்குழா எல்லாம் விறைச்சு நிக்கும். சின்னதா ஒரு அடி போதும், அறுந்து ரத்தம் கசியும். பையப் பையக் கசிஞ்சு மூளைய அமுக்கும். சுருங்குனது வயசு. கசியுதது வயசு இல்ல மைனி. அத வெளிய எடுக்கலாம்."

அம்மா அந்தத் தேங்காயை வாங்கித் தரையில் வைத்தாள். அவள் முகம் எனக்கு இன்னும் மறக்கவில்லை. அத்தனை நாள் அடக்கியதெல்லாம் அப்போதுதான் வெளியே வந்தது. "மூலைவீட்டுத் தாத்தாவுக்கும் இப்படித்தான் டீச்சர் சொன்னீய. கையக் கட்டிப்போட்டுல்லா சாவடிச்சாங்க. இவியளையும் அப்படிக் கொண்டுபோயிப் போடவா? என்னால முடியாது. இதுவும் தப்பாப் போச்சுன்னா?"

"போவலாம் மைனி" என்றார் அக்கா. "நான் டாக்டர் இல்ல. எனக்கும் பயமாத்தான் இருக்கு. தலைய ஒரே ஒரு படம் எடுத்துப் பாப்போம். அதுல ஒண்ணும் இல்லன்னா நானே கூட்டிட்டு வந்து இந்தக் கட்டில்ல விட்ருதேன். அதுக்கு மேல நான் வாயத் தொறக்க மாட்டேன்."

அதற்கு என்ன அர்த்தம் என்று அங்கே இருந்த எல்லாருக்கும் தெரியும். படத்தில் ஒன்றும் இல்லாவிட்டால் நாளைக்குச் சனிக்கிழமை.

அம்மா சேலை முந்தானையால் அப்பாவின் வாயைத் துடைத்துவிட்டு, "வண்டி கூப்பிடுலே" என்று என்னிடம் சொன்னாள்.

மேலப்பாளையத்து வேன்காரர் ஒருவர் பின்சீட்டைக் கழற்றிவிட்டுப் பாய் விரித்துக் கொடுத்தார். பாளையங்கோட்டையில் ஸ்கேன் எடுக்கிற இடத்தில் அப்பாவை உள்ளே தள்ளிக்கொண்டு போய்க் கதவைச் சாத்தினார்கள். அக்காவும் நானும் பெஞ்சில் உட்கார்ந்தோம். அவர் குடையை வீட்டு வாசலிலேயே விட்டுவிட்டு வந்திருந்தார், கைக்கு வேலை இல்லாமல் விரல் நகங்களையே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கு அவர் மேல் கோபம் கோபமாக வந்தது. அப்பாவை நிம்மதியாகவும் விடாமல், பிழைக்க வைக்கவும் முடியாமல் போய்விட்டால் இந்த மனுஷி நாளைக்கு மன்னிப்புக் கேட்டுவிட்டுக் கதவைச் சாத்திக்கொள்வார், நாங்கள் என்ன செய்வோம் என்று நினைத்தேன்.

"எங்க அப்பாவையும் குளிப்பாட்டத்தாம்லே செஞ்சாங்க" என்றார் அக்கா திடீரென்று. "வயசாயிட்டுன்னாங்க. சீனி வியாதிதான் இருந்திச்சு. நான் காலேஜ்ல படிச்சுக்கிட்டிருந்தேன். பரிச்சை முடிஞ்சு வரட்டும்னு எங்கிட்டச் சொல்லல."

சொல்லிவிட்டு மூடின கதவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

கதவு திறந்தது. சின்ன வயசு டாக்டர் ஒருவர் ஈரம் காயாத படத்தை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். மண்டையோட்டுக்குள் இடது பக்கம் பிறை போல ஒன்று மூளையை ஒருபக்கமாக ஒதுக்கிக்கொண்டு நின்றது. "எப்ப விழுந்தாங்க?" என்றுதான் அவரும் முதலில் கேட்டார். அக்கா பெஞ்சிலேயே குனிந்து முகத்தை முழங்காலில் புதைத்துக்கொண்டார். அழுதாரா என்று தெரியாது, முதுகு குலுங்கியது.

அங்கிருந்து அப்படியே மதுரைக்குக் கொண்டுபோனோம். மண்டையில் சின்னத் துளை போட்டு எடுத்தார்கள். கருப்பட்டிப் பாகு நிறத்தில் வந்தது என்றார்கள். இரண்டாம் நாள் அப்பா என்னை என் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, ஏம்லே மொட்டை போட்டீய எனக்கு என்று கேட்டார்.

வீட்டுக்கு வந்தபோது முற்றத்து இளநீரை அப்புறப்படுத்த எங்களுக்கு மறந்துபோயிருந்தது. அப்பா வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு அந்த வாடிய குலைகளைப் பார்த்தார். அவரும் எங்கள் ஊர்க்காரர்தானே. தன்னைப் பெற்ற அம்மாவுக்குத் தண்ணீர் ஊற்றியவர்களில் அவரும் ஒருவர். உள்ளே போய்ச் சுவரைப் பார்க்கப் படுத்துக்கொண்டார்.

அதற்கப்புறம் அப்பா எண்ணெய் தேய்த்துக் குளிக்கவில்லை. சனிக்கிழமை அடுப்பில் எண்ணெய் காய்ந்தால் போதும், சைக்கிளை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுவார். அம்மா கெஞ்சினாள், அழுதாள். "நானாங்க ஊத்தச் சொன்னேன்?" என்று ஒருநாள் கேட்டேவிட்டாள். அப்பா எதிர்வீட்டைக் காட்டி, "டீச்சர் இருக்காகளா?" என்றார்.

அன்றைக்குத் தொடங்கியதுதான். சனிக்கிழமைதோறும் அக்கா ஒரு மடக்கு நாற்காலியையும் திருத்த வேண்டிய பரீட்சைத் தாள்களையும் தூக்கிக்கொண்டு எங்கள் முற்றத்துக்கு வருவார். கிணற்றடிக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துகொள்வார். அம்மா அப்பா தலையில் எண்ணெய் வைப்பாள். திரும்பிப் பார்க்காமலே அக்கா அவ்வப்போது குரல் கொடுப்பார்.

"அண்ணாச்சி, தண்ணி சூடா இருக்கா?"

"இருக்கு டீச்சர்."

"கண்ணு எரியுதா?"

"எரியுது டீச்சர்."

"எரிஞ்சா நல்லது. உசுரோட இருக்கீங்கன்னு அர்த்தம்."

தெருவே கேலி செய்தது. எழுபது வயசுக் கிழவன் குளிக்க டீச்சர் காவலா என்றார்கள். எங்கள் வீட்டில் யாரும் சிரிக்கவில்லை. அம்மா எண்ணெய்க் கிண்ணத்தை எடுக்கும்போது அப்பாவின் தோள் இறுகுவதும், அக்காவின் குரல் கேட்டதும் அது தளர்வதும் எனக்குத் தெரியும்.

சில வருஷம் நன்றாக இருந்தார். பிறகு சாப்பாடு குறைந்தது, பேச்சு குறைந்தது, படுத்தார். அக்கா வந்தார். இந்தத் தடவை அவசரப்படவில்லை. ரத்தம் பார்க்கச் சொன்னார், டாக்டரை வீட்டுக்கே கூட்டிவந்தார், தலையை மறுபடி படம் எடுக்க வைத்தார். எல்லாம் பார்த்தாயிற்று. ஒன்றும் இல்லை. கடைசியில் கட்டில் பக்கத்தில் நின்று, "அண்ணாச்சி, ரெண்டு கையையும் தூக்குங்க" என்றார்.

அப்பா தூக்கினார். நானும் அம்மாவும் வலது கையைப் பார்த்தோம். அது நின்றது. இடதும் நின்றது. பிறகு இரண்டும் ஒன்று போல நடுங்கி, ஒன்று போல இறங்கி, போர்வையில் சேர்ந்து விழுந்தன.

அக்கா அந்த இரண்டு கைகளையும் எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டார்.

"வயசாயிட்டு அண்ணாச்சி" என்றார்.

ஒரு மனுஷரைப் பார்த்து அந்த வார்த்தையை அவர் சொல்லி நான் கேட்டது அந்த ஒரே தடவைதான். அப்பா முகத்தில் சிரிப்பு மாதிரி ஒன்று வந்தது. "அப்ப எங்கயும் போவாண்டாம்ல்லா?" என்று கேட்டார்.

"போவாண்டாம். இங்கனயே இருங்க. நானும் இருக்கேன்."

மடக்கு நாற்காலி மறுபடி வந்தது. இந்தத் தடவை அறைவாசலில், நிலைக்கு நடுவே. அக்கா கல்லூரிக்கு லீவு போட்டுவிட்டு அதில் உட்கார்ந்தார். ஊரிலிருந்து அத்தை வந்தாள், கையில் ஒரு மஞ்சள் பை. அக்காவின் கண் பையில் போய் நின்றது. அத்தை அந்தப் பார்வையைப் பார்த்துவிட்டு, பையைத் திறந்தே காட்டினாள்.

"வெத்தலதான் டீச்சர்."

அதன் பிறகுதான் அக்கா காலை ஒதுக்கி வழிவிட்டார்.

அப்பா மூன்றாம் நாள் மத்தியானம், அம்மா கையால் இரண்டு கரண்டிக் கஞ்சி குடித்துவிட்டுத் தூங்கினார். எழுந்திருக்கவில்லை. புண் இல்லை, குழாய் இல்லை, காய்ச்சலும் இல்லை. நாங்கள் அழுது ஓய்ந்து, பங்காளிகள் கடைசித் தண்ணீர் எடுக்க நீர்மாலைக்குப் போய்க் குடத்தில் தண்ணீரோடு வந்து முற்றத்தில் நின்றார்கள். சங்கு ஊதிக்கொண்டிருந்தது. அத்தை சீயக்காயையும் எண்ணெய்க் கிண்ணத்தையும் எடுத்துக்கொண்டு அறைவாசலுக்கு வந்தாள்.

"கொஞ்சம் எந்திரிங்க டீச்சர். குளிப்பாட்டணும்."

அக்கா உடனே எழுந்திருக்கவில்லை. அத்தையின் கையிலிருந்த கிண்ணத்தையே பார்த்தார். பிறகு எழுந்து உள்ளே போய், அப்பாவின் மூக்கருகில் விரலை வைத்தார். மணிக்கட்டைப் பிடித்தார். மார்பில் காதை வைத்து வெகுநேரம் கேட்டார். வெளியே தண்ணீர்க் குடத்தோடு எல்லாரும் காத்து நின்றார்கள்.

நிமிர்ந்து வந்து நாற்காலியை மடக்கிச் சுவரில் சாய்த்துவிட்டு, வாசலை விட்டு விலகி நின்றார்.

"இப்பக் குளிப்பாட்டுங்க" என்றார்.